தேக்கிலை மூடிய தடம்

கள்ளிப்பாறைக் காட்டில் ஓடைக்குப் போக ஒரே ஒரு பாதைதான். நடுவில் பெரிய பிராணிகள் போகும். கள்ளிச்செடி ஓரமாகச் சின்னப் பிராணிகள் போகும். அந்த ஓரத்தில்தான் ஒரு மாலை, கிழங்கு தோண்டிக்கொண்டு வந்த குட்டையன் என்ற முள்ளம்பன்றியைக் காட்டெருமை ஒன்று மிதித்துவிட்டு ஓடியது. குட்டையன் அங்கேயே செத்துப்போனான்.

அவன் மனைவி வெள்ளாயி ஓடிவந்து விழுந்து புரண்டு அழுதாள். வானம் இருட்டிக்கொண்டு வருவதைப் பார்த்ததும் அழுகையை நிறுத்தினாள். தேக்கிலைகளை இழுத்து வந்து, புருஷன் கிடந்த இடத்தில் ஆழமாகப் பதிந்திருந்த மூன்று குளம்படிகளையும் மூடினாள். இலை பறக்காமல் கல்லை வைத்தாள். அப்புறம்தான் மறுபடி அழுதாள். மழையும் கொட்டித் தீர்த்தது.

மறுநாள் காலை சொக்கன் என்ற கருங்குரங்கு வளை வாசலில் வந்து உட்கார்ந்தான். எந்தச் சண்டையிலும் நடுவில் புகுந்து சமாதானம் பேசுவதே அவன் பிழைப்பு. பழுத்த பலாப்பழம் ஒன்றை உருட்டிக்கொண்டு வந்திருந்தான்.

"தங்கச்சி, நடந்தது நடந்துபோச்சு. போன உயிர் திரும்பியா வரப்போகுது? காட்டெருமை மனசு கேக்காம இதைக் கொடுத்தனுப்பியிருக்கான். புள்ளைங்க பசியாறட்டும்."

பழத்தின் வாசனை வளைக்குள் நுழைந்தது. இரண்டு குட்டிகளும் மூக்கை நீட்டிக்கொண்டு வெளியே வந்துவிட்டன.

அந்தக் காட்டில் ஒரு வழக்கம் உண்டு. கெடுதல் செய்தவன் கொடுப்பதைப் பறிகொடுத்தவர்கள் ஒரு வாய் தின்றுவிட்டால் போதும், வழக்கு முடிந்தது. அப்புறம் காட்டுச் சபையில் போய்க் கேட்க முடியாது. வெள்ளாயிக்கு அது தெரியும். சொக்கனுக்கு அதைவிட நன்றாகத் தெரியும்.

"இந்தப் பழம் எத்தனை நாளைக்கு வரும் அண்ணே?"

"தாராளமா மூணு நாளைக்கு வரும்."

"இதுகளுக்கு முள்ளு கெட்டிப்பட நாலு மாசம் ஆகும். அதுவரைக்கும் நான் நகர்ந்தா காட்டுப்பூனை தூக்கிட்டுப் போயிடும். கிழங்கு கொண்டாந்து போட்டது இவங்க அப்பாதான். நாலாம் நாள்லேருந்து யார் தோண்டுறது?"

சொக்கனின் குரல் மாறியது. "தங்கச்சி, காட்டெருமை மெதுவாத்தான் நடந்து வந்தான். உன் புருஷன்தான் நடுப்பாதையில வந்து விழுந்தான். சபைக்குப் போனா இந்தப் பழமும் கிடைக்காது. சாட்சிக்கு ஒரு காலடிகூட இல்ல. மழை எல்லாத்தையும் கழுவிட்டுப் போயிருச்சு."

"சபையிலேயே பேசிக்கலாம் அண்ணே. பழத்தையும் எடுத்துட்டு வாங்க."

குட்டிகள் பசியில் சிணுங்கின. இருந்தாலும் அவள் அசையவில்லை. மரப்பட்டையைக் கொறித்து அவற்றின் வாயில் போட்டுவிட்டு, கையோடு கூட்டிக்கொண்டு கிளம்பினாள்.

அந்தக் காட்டில் நியாயம் சொல்வது ஒரு பெண் யானை. வெள்ளாயி கேட்டுக்கொண்டபடி சபை அந்தப் பாதையிலேயே கூடியது. சொக்கன் மூச்சுவிடாமல் பேசினான். காட்டெருமை தலையைத் தொங்கப்போட்டுக்கொண்டு நின்றான்.

வெள்ளாயி போய்க் கற்களைத் தள்ளினாள். இலைகளை ஒவ்வொன்றாக விலக்கினாள். மூன்று குளம்படிகளும் போட்டது போட்டபடி இருந்தன. மூன்றும் கள்ளி ஓரத்தில் இருந்தன.

சொக்கன் தலையைச் சொறிந்தான்.

"பக்கத்துலயே ஒருதரம் நடந்து காட்டு," என்று யானை காட்டெருமையிடம் சொன்னாள். காட்டெருமை நடந்தான். அடிகள் நெருக்கமாக, ஆழமில்லாமல் பதிந்தன.

"பாருங்கம்மா," என்றாள் வெள்ளாயி. "மழையில ஊறின மண்ணுலயே நடந்தா இவ்வளவுதான் பதியுது. அன்னைக்கு மண்ணு காய்ஞ்சு கிடந்துச்சு. அதுல இவ்வளவு ஆழம், இவ்வளவு தள்ளித் தள்ளி. இது நடந்த தடமா?"

காட்டெருமையே வாய் திறந்தான். "தண்ணி கலங்குறதுக்குள்ள முதல் ஆளாக் குடிக்கணும்னு ஓடினேன். கீழே பார்க்கல. தப்பு என்னோடதுதான்."

யானை குட்டிகளைப் பார்த்துவிட்டுக் காட்டெருமையிடம் சொன்னாள்: "இதுக முள்ளு கெட்டிப்படுற வரைக்கும் தினமும் காலையில நீ வந்து கொம்பால மண்ணைப் புரட்டிக் கிழங்கு எடுத்துக் கொடுக்கணும். ஒரு நாள் தவறினாலும் ஓடைப்பக்கம் வரக்கூடாது."

"அப்போ இந்தப் பலாப்பழம்?" என்று மெல்லக் கேட்டான் சொக்கன்.

"வழக்குதான் முடிஞ்சுபோச்சே. புள்ளைங்க பசியா நிக்குதுங்க, உரிச்சுக் கொடு!" என்றாள் யானை.

சொக்கன் பிசுபிசுக்கும் கைகளோடு உட்கார்ந்து சுளை சுளையாக உரித்துக் கொடுத்தான்.

மறுநாள் விடிந்ததும் காட்டெருமை வந்தான். மண்ணைப் புரட்டினான். கிழங்கை வளை வாசலில் வைத்துவிட்டுத் தள்ளி நின்றான்.

"அம்மா, இவருதான் அப்பாவை மிதிச்சவரா?" என்று கேட்டது பெரிய குட்டி.

வெள்ளாயிக்குக் கண் நிறைந்தது. "ஆமா கண்ணு, இவருதான்," என்றாள். "இது உங்க அப்பா தோண்ட வேண்டிய கிழங்கு. தலை குனியாமத் தின்னு."

ஒரு வீட்டின் உழைப்பைப் பறித்தவன் அதை ஈடுசெய்தே ஆகவேண்டும். பறிகொடுத்தவர்களும் அதைக் கேட்டு வாங்கக் கூச்சப்படக் கூடாது.