ஆள்காட்டியின் வாய்க்குப் பூட்டு

மருதங்காட்டில் ஆற்றின் இக்கரை எருமைகளுக்கும் மான்களுக்கும், அக்கரை காட்டுப்பன்றிகளுக்கும் சொந்தம். அந்தக் கோடையில் ஆறு வற்றி நடுவில் ஒரே ஒரு மடு மிஞ்சியது. தண்ணீருக்காக இரு கரைக்கும் முட்டிக்கொண்டது.

“பன்றிகள் எந்த நேரமும் பாயலாம்!” என்றது இக்கரைத் தலைவன், கருங்கொம்பன் என்ற எருமை. போன வருடச் சண்டையில் தம்பியைப் பறிகொடுத்த பயம் அதற்கு. “இன்று முதல் கரையில் காவல். யாரும் சத்தம் போடக்கூடாது. நம் இருப்பிடம் எதிரிக்குத் தெரிந்துவிடும். மீறினால் காட்டைவிட்டே துரத்துவேன்!”

ஆள்காட்டிக் குருவி செம்மூக்கி தலைவன் முன் பறந்து வந்து நின்றது. எது அசைந்தாலும் கத்துவதுதானே அதன் பிறவிக் குணம்!

“தலைவரே, காவல் போடுங்கள். ஆனால் ஆபத்து வந்தால் கத்தாமல் எப்படி?”

“கேள்வி கேட்கிற நேரமா இது? நீ யார் பக்கம்?”

செம்மூக்கியின் பக்கத்தில் நின்ற மான்கள் மெல்ல நகர்ந்துகொண்டன. அன்றிலிருந்து காட்டில் குயில்கூடக் கூவவில்லை.

நான்காம் நாள் உச்சிவெயில். காவல் எருமைகள் அக்கரையையே முறைத்துக்கொண்டிருந்தன. பின்னாலிருந்து ஒரு செந்நாய்க் கூட்டம் கருங்கொம்பனின் கன்றை நோக்கிப் பதுங்கி வந்தது. இரண்டு மான்கள் பார்த்துவிட்டன. ஆனால் கத்தப் பயந்து அப்படியே நின்றன.

செம்மூக்கி, மணலில் தான் அடைகாத்த மூன்று முட்டைகளைப் பார்த்தது. தன்னைத் துரத்திவிட்டால் இவை வெயிலில் வெந்துவிடும். ஆனாலும் அதற்கு மனசு கேட்கவில்லை. விருட்டென்று எழும்பியது.

“செந்நாய்! பின்னால் செந்நாய்!”

எருமைகள் திரும்பிப் பாய்ந்தன. குரலைக் கேட்ட பன்றிகளும் தம் குட்டிகளை நடுவில் விட்டு வளைத்து நின்றன. வற்றிய ஆற்றைக் கடந்து அக்கரைக்குப் பாய்ந்தும் இரை கிடைக்காத செந்நாய்கள், தப்பித்தோம் பிழைத்தோம் என்று ஓடின.

“நான் போகட்டுமா, தலைவரே?” என்று கேட்டது செம்மூக்கி.

கன்றை நக்கிக்கொண்டிருந்த கருங்கொம்பன் தலைகுனிந்தது. “போகாதே அம்மா! உன் வாயைக் கட்டுவதாக நினைத்து என் காதைத்தான் அடைத்துக்கொண்டேன். இனி நீ தாராளமாகக் கத்து. கன்றுகள் படுக்கும் இடத்தை மட்டும் வெளியே சொல்லாதே.”

“அது நியாயம்தான்!” என்றது செம்மூக்கி.

அக்கரையிலிருந்து கிழப்பன்றி ஒன்று கூவியது: “குருவியால் எங்கள் குட்டிகளும் பிழைத்தன! மடுவில் காலையில் நீங்கள், மாலையில் நாங்கள் குடிக்கலாம். சம்மதமா?”

கருங்கொம்பன் கரைக்கு வந்து நின்றது. “சம்மதம்! ஆனால் காவலை எடுக்க மாட்டேன்.”

“நாங்களும்தான் எடுக்க மாட்டோம்!” என்று சிரித்தது பன்றி.

நாட்டுக்குக் காவலும் வேண்டும், சமாதானமும் வேண்டும். சொந்த மக்களின் குரலை நெரித்தால் இரண்டுமே நிலைக்காது.