உயிருக்குப் பயந்த முதலாளி

நல்ல நேரத்தில் நல்ல சொல்லை ஆண்டவன்தான் நாவில் வைக்கிறான். மேலூர் வெள்ளையம்மாளுக்கும் அப்படித்தான் வைத்தான்.

அவள் சாலையோரம் இட்லி விற்பவள். தன் கடை வாசலை மறைக்கிறாள் என்று ஜவுளிக்கடை முதலாளி அரியநாயகம் அவளைக் கிளப்பப் பார்த்தார். அவள் நகரவில்லை. "விஷம் வைத்துக் கொன்றுவிடுவேன் என்று மிரட்டினாள், உயிருக்குப் பயமாக இருக்கிறது" என்று போலீசில் எழுதிக் கொடுத்துவிட்டார். வழக்கு நடந்தால் ஜெயில்தான். அதை ரத்துச் செய்யச் சொல்லி மதுரை உயர்நீதிமன்றத்தில் மனுப் போட்டாள். முதலாளியும் வந்து நின்றார்.

"நீங்க என்னம்மா சொல்றீங்க?" என்றார் நீதிபதி அம்மா.

"முதலாளி இன்னிக்குக் காலையில என்ன சாப்பிட்டாருன்னு மட்டும் கேளுங்க தாயி."

நீதிபதி கேட்டார்.

"நாலு இட்லி," என்றார் அரியநாயகம் மிடுக்காக.

"யார் கடையில?"

முதலாளி கழுத்தைத் துடைத்துக்கொண்டார். "இவ கடையிலதான். ஆள் விட்டு வாங்கினேன். வேற இட்லி என் வயித்துக்கு ஆகாதுங்க."

"விஷத்துக்குப் பயந்தவர் தினம் சாப்பிடுற இட்லியா இது?" என்று சிரித்த நீதிபதி, வழக்கை ரத்துச் செய்தார்.

வெள்ளையம்மாள் அவரைக் கும்பிட்டாள். பிறகு முதலாளி பக்கமும் திரும்பிக் கை கூப்பினாள்.

"என் கையை நம்பிச் சாப்பிட்டீகளே ஐயா, அந்தப் புண்ணியத்துல பொழச்சேன்."