வைத்தியர் வாயும் ராஜா தொண்டையும்

முன்னொரு காலத்தில் நெடுங்கரை என்ற நாட்டைக் கொடைமாறன் என்ற ராஜா ஆண்டுவந்தான். காலையில் கொடுத்த பதவியை மாலையில் பிடுங்கிக்கொள்வான், மற்றபடி நல்லவன். அவனுக்குத் திடீரென்று சோறு இறங்காத நோய் வந்தது. வாயில் வைத்த கவளம் தொண்டையிலேயே நின்றுவிடும். ஒரே மாதத்தில் மணிக்கட்டுக் கடகம் முழங்கைவரை ஏறியது.

அரண்மனை வைத்தியர் அம்பலவாணருக்குச் சமையற்காரி குப்பாச்சியைக் கண்டால் ஆகாது. ராஜா அவள் ரசத்தைப் புகழ்வான், இவர் லேகியத்தை ஒருநாளும் புகழ்ந்ததில்லை. "சோற்றில் இடுமருந்து கலக்கிறாள்" என்று சபையில் போட்டுவிட்டார். ராஜாவும் நாளை மறுநாள் அவள் தலையை எடுக்கச் சொல்லிவிட்டான்.

குப்பாச்சி உட்கார்ந்து யோசித்தாள். ராஜா சாப்பிடும்போது வைத்தியர் பக்கத்தில் நின்று ஒவ்வொரு பதார்த்தத்தின் கெடுதலையும் சொல்வது அந்த அரண்மனை வழக்கம். கத்தரிக்காய்க்குக் கரப்பான், வாழைக்காய்க்கு வாயு. 'தங்கள் தந்தையார் இதே தயிர்சாதம் சாப்பிடும்போதுதான் சாய்ந்தார்' என்பதை இந்த மாதம்தான் புதிதாகச் சேர்த்திருந்தார். அவர் மகள் வீட்டுக்குப் போயிருந்த இரண்டு நாளும் ராஜா இலையை வழித்துச் சாப்பிட்டது அவள் நினைவுக்கு வந்தது.

மறுநாள் சபையில் போய், அது என்ன மருந்து என்று வைத்தியரே சாப்பிட்டுப் பார்த்துச் சொல்லட்டும் என்று கேட்டாள். ராஜாவுக்கு வேடிக்கை பிடித்தது. இலை போடச் சொன்னான். இல்லாத மருந்துக்குப் பயமென்ன என்று வைத்தியரும் தாராளமாக உட்கார்ந்தார்.

அவர் முதல் கவளத்தை வாயில் வைத்ததும் குப்பாச்சி பக்கத்தில் வந்து கைகட்டி நின்றாள்.

"நிதானமா சாப்பிடுங்க ஐயா. எனக்கு எப்படியும் நாளைக்குத் தலை போகுது. இனிமே நான் யாருக்குப் பயப்படணும்?"

வைத்தியர் மெல்வதை நிறுத்தினார். நெற்றி வியர்த்தது. கவளம் உள்ளேயும் போகவில்லை, வெளியேயும் வரவில்லை. கடைசியில் துப்பிவிட்டு, தொண்டை அடைக்கிறது என்று கையைக் காட்டினார்.

குப்பாச்சி அந்த இலையைத் தன் பக்கம் இழுத்து, சபை பார்க்க ஒரு பருக்கை விடாமல் தின்று முடித்தாள்.

"சோத்துல ஒண்ணுமில்ல மகாராஜா. நான் காதுல போட்டதுதான் அவர் தொண்டையில நிக்குது. ஒரு பேச்சுக்கே அவருக்கு இப்படி. நீங்க ஒரு மாசமா கேக்குறீங்க."

ராஜா காலி இலையை எட்டிப் பார்த்தான். பிறகு, "எனக்கு ஓர் இலை போடு. வைத்தியர் வாயைத் திறக்கக் கூடாது" என்றான். மூன்று முறை சோறு வாங்கினான், மூன்றாவது தயிர்சாதம்.

அன்றுமுதல் சாப்பாட்டு வேளையில் பேசும் உரிமை குப்பாச்சிக்கு மட்டுமே என்று உத்தரவாயிற்று. வைத்தியரை யானைக் கொட்டடிக்கு மாற்றினார்கள். அங்கே அவர் தினமும் கரும்பின் கெடுதலைச் சொல்லிவந்தார். யானைகள் ஒன்றுகூட இளைக்கவில்லை.