வரிசையில் நின்ற கல்

உலக யுத்தம் முடிந்தும் துணிப் பஞ்சம் தீராத காலம். கோயம்புத்தூர் மில் லைன் வீடுகளில், சர்க்கார் பங்கிட்டு விற்கும் கண்ட்ரோல் கடைக்குத் துணி வருகிறது என்றால் விடியுமுன்பே ஆளுக்கொரு கல்லை வைத்து வரிசையில் இடம் பிடிப்பார்கள். கல்லுக்கும் மரியாதை உண்டு. ஆனால் வரிசை நகரும்போது அதை நகர்த்த ஆள் வேண்டும். நகராத கல் வெறும் கல்.

நஞ்சம்மாளுக்கு இருந்தது ஒரே சேலை. பாதியைச் சுற்றிக்கொண்டு மறுபாதியைத் துவைத்துக் காய வைப்பாள். அன்று கல்லை வைத்துவிட்டு அவள் பகல் ஷிப்டுக்கு ஓட, இரவு ஷிப்ட் முடித்து வந்த புருஷன் மருதாசலம் அந்தக் கல்லுக்குப் பக்கத்தில் உட்கார்ந்தான்.

சாயங்காலம் கால் கடுக்கத் திரும்பியவள், பாய்மேல் புதுச்சேலையைக் கண்டாள். கை நீளுமுன் குரல் வந்தது.

"தொடாத புள்ள. தங்கச்சி மக சடங்குக்குத் தாய்மாமன் சீரு. வெறுங்கையோட போய் நிக்கச் சொல்றியா?"

"நான் வெச்ச கல்லுங்க அது."

"கல்லா வெயில்ல காஞ்சுது? நான் காஞ்சேன்!"

வாசலில் ஒரு சிரிப்பு. பக்கத்து வீட்டு வெள்ளையம்மா. "எங்கீங்கண்ணா காஞ்சீங்க? குறட்டையில்ல விட்டீங்க! பின்னால நின்ன நான்தான், அக்கா கல்லாச்சேன்னு காலால தள்ளித் தள்ளிக் கொண்டாந்தேன். கடைசிச் சேலைன்னதும் உங்களை எழுப்பி விட்டதும் நான்தான்." சிரிப்பு அடங்கியது. "எனக்குத்தான் ஒண்ணுமில்லாமப் போச்சு. எனக்கும் எம்மவளுக்கும் சேர்த்து ஒரே சேலைக்கா. நான் வெளிய வந்தா அவ கதவச் சாத்திக்கணும். தள்ளிக் கொண்டாந்ததுக்கு அந்தச் சேலைய எனக்குக் குடுத்தா என்ன?"

மருதாசலம் கண்ணைக் கசக்கிக்கொண்டான். "சரி வெள்ளையம்மா, நீயும் நானும் பேசி முடிச்சுக்குவோம். நஞ்சி ஒண்ணும் சொல்ல மாட்டா."

நஞ்சம்மாள் அடுப்பைப் பற்றவைக்கக் குனிந்தாள்.

கல் வைத்தவளா, காவல் இருந்தவனா, கல்லைத் தள்ளியவளா? நீங்களே சொல்லுங்கள், அந்தச் சேலை யாருக்கு?

விடை: தூங்கியபோதே மருதாசலத்தின் காவல் போயிற்று. சீர் அவன் கடமை. அதைப் பெண்டாட்டி உடம்பிலிருந்து உருவிச் செய்ய முடியாது. வெள்ளையம்மாவின் தேவைதான் பெரிது, மறுக்கவில்லை. ஆனால் அவள் தள்ளியது "அக்கா கல்லை". உதவியாகச் செய்ததை உரிமையாகக் கேட்க முடியுமா? ஆகவே சேலை நஞ்சம்மாளுடையது. 'அவள் விட்டுக்கொடுத்து விடுவாளே' என்கிறீர்களா? கொடுக்கட்டும், அது அவள் இஷ்டம். அதற்கு முன்னால், அது அவளுடையது என்று அந்த வீட்டில் ஒரு வாயாவது சொல்லட்டும்.