கல்லைப் போட்டது யார்?

"அழி. என் கண்ணு முன்னாடியே அழி."

சூசையம்மாள் துடுப்போடு கொட்டகை வாசலை அடைத்து நின்றாள். உள்ளே லேப்டாப்பை மார்போடு அணைத்தபடி நல்லசிவம். ஈரோட்டில் கல்யாண வீடியோ ஸ்டூடியோவை இழுத்து மூடிவிட்டு, பவளப்பாறைகளைப் படமெடுக்கும் சலோமியிடம் தொழில் கற்கத் தீவுக்கு வந்தவன். குருவைவிட வயது கூட. கோபம் அதைவிடக் கூட.

"முடியாது. படத்துக்கு உயிரே இந்த ஷாட்தான்."

"இதை வச்சு வனத்துறைக்காரன் என் படகைப் பிடிச்சுட்டுப் போனா, எங்க வீட்டுல எத்தனை உயிருன்னு தெரியுமாய்யா உனக்கு?"

சலோமி லென்ஸில் படிந்த உப்பைத் துடைத்துக்கொண்டிருந்தாள். தலை நிமிரவில்லை.

"போடுங்க, பார்ப்போம்."

காலையில் எடுத்தது. தெளிந்த நீர். சூசையம்மாளின் படகிலிருந்து நங்கூரக் கல் இறங்குகிறது. மான்கொம்பாய்க் கிளைத்த பவளத்தின்மேல் விழுகிறது. நொறுங்கி, வெள்ளை வெள்ளையாய்ச் சிதறுகிறது.

"சத்தம் எங்கே?"

"படகுல பேசின வெட்டிப் பேச்சு, மேடம். நீக்கிட்டேன்."

"அதையும் போடுங்க."

முதலில் அவன் குரல்தான் வந்தது. 'இங்கேயே நிறுத்து. வெளிச்சம் அருமையா இருக்கு. கல்லைப் போடு.'

அடுத்து சூசையம்மாளின் அலறல். 'பார்! பார்!'

'பாத்துட்டேன். போடுன்னா போடு!'

தொம்மென்று ஒரு சத்தம்.

"பார் பார்னு எதுக்குக் கத்தினாங்க?" என்றாள் சலோமி.

"அதைத்தான் நானும் கேக்கறேன். 'பாருங்க'ன்னு சொல்ல வாய் வரலை. வாடகை குடுக்கிறவன்கிட்ட 'பார்'! மரியாதை தெரியாத..."

சூசையம்மாள் சிரித்துவிட்டாள். காரித் துப்புகிற மாதிரிச் சிரிப்பு.

"உன்னை எவன்யா பாக்கச் சொன்னான்? நீ வாய் நிறையப் பவளப்பாறைங்கிறியே, எங்களுக்கு அதுதான் பார். அடியில பார் கிடக்கு, கல்லு விழுந்தா நொறுங்கும்னு கத்துனேன். கொஞ்சம் தள்ளிப் போயிருந்தா வெறும் மணலு. நீ பாத்துட்டேன்னே. தெரிஞ்சேதான் போடச் சொல்றான்னு போட்டேன்."

நல்லசிவத்தின் காது மடல் கொதித்தது. யாரையும் பார்க்காமல் லேப்டாப்பைக் கீழே வைத்தான். விரல் அழிக்கும் பொத்தானுக்குப் போனது.

சலோமி அவன் மணிக்கட்டைப் பிடித்தாள்.

துடுப்பு உயர்ந்தது. "நீயுமாம்மா?"

"படத்துல உங்க படகு தெரியாது அக்கா. முகம் தெரியாது, பேரும் வராது. கல்லு விழுறது மட்டும் இருக்கட்டுமா? நீங்க வேணாம்னா இப்பவே அழிச்சிடறோம்."

சூசையம்மாள் திரையை முறைத்தாள். துடுப்பு மெல்லத் தரையைத் தொட்டது.

"இருக்கட்டும். நான் கத்துனதும் இருக்கணும்."

நல்லசிவத்துக்கு மட்டும் ஆறவில்லை.

"படகையே காட்டலைன்னா, கல்லைப் போட்டது யாருன்னு பாக்கறவன் கேப்பானே, மேடம்?"

சலோமி மறுபடி லென்ஸை எடுத்துக்கொண்டாள்.

"அதுக்குத்தான் உங்க குரல் இருக்கே."