நடுப்பாலத்து வில்லை

ஒரு ஊர்ல ஒரு பாலம் இருந்துச்சாம்.

இரு, இரு. முதல்ல அந்தப் பித்தளை வில்லையைக் கட்டில் கம்பியில தட்டுறதை நிப்பாட்டு தாயி. என் பெட்டியில இருந்து எடுத்துட்ட, சரி, கையிலேயே வச்சுக்க. தட்ட மட்டும் தட்டாதே. எனக்கு அந்தச் சத்தம் ஆகாது. உங்கப்பன் உன் காதுகுத்துப் பத்திரிகையை ஊர் முழுக்கக் குடுத்துட்டு வர்றதுக்குள்ள நீ தூங்கி எந்திரிச்சிரணும். நான் சொல்லச் சொல்ல நீ 'ம்' கொட்டணும். 'ம்' நின்னா கதையும் நின்னுரும். சரியா?

“ம்.”

ஒரு ஊர்ல ஒரு பாலம். ரயில் மட்டும் போற பாலம். இந்தக் கரையில ஒரு ஊரு, அந்தக் கரையில ஒரு ஊரு, நடுவுல கடல்.

“உலகத்துலயே பெரிய பாலமா?”

உலகத்தை யாரு சுத்திப் பார்த்தா? உங்கப்பன் போன்ல காட்டுனானே, காஷ்மீர்ல ஒரு ரயில் பாலம், கீழ மேகம் போகுது, மேல ரயில் போகுதுன்னு. அது உயரம். சீனாவுல ஒரு நாள் பூரா நடந்தாலும் முடியாத பாலம் இருக்காம். அது நீளம். இது அவ்வளவு எல்லாம் இல்ல. ஆனா அந்த ரெண்டு ஊர்க்காரனுக்கும் இதுதான் உலகத்துலயே பெருசு. நூத்தி நாப்பது கண்ணு. ஒரு தூணுக்கும் அடுத்த தூணுக்கும் நடுவுல இருக்குற இடத்துக்குக் கண்ணுன்னு பேரு. வெள்ளைக்காரன் காலத்து இரும்பு. ரயில் ஏறுச்சுன்னா தடதட, தடதட, தடதடன்னு ஊரே ஆடும். இறங்குச்சுன்னா கீழ தண்ணி சளப்பு சளப்புன்னு தூணை நக்குற சத்தம் மட்டும் கேக்கும்.

அப்புறம், கடல் காத்து இருக்கே, அது சும்மா இருக்காது. உப்பைக் கொண்டாந்து கொண்டாந்து இரும்பைத் தின்னும். அதனால தினமும் விடிஞ்சதும் ஒரு ஆளு பாலத்து மேல நடந்து ஒவ்வொரு போல்ட்டா சுத்தியலால தட்டிப் பார்க்கணும். நல்ல போல்ட்டு 'டங்'குங்கும். கழண்ட போல்ட்டு 'டொக்'குங்கும். டொக்குன்னா ஸ்பேனர் போட்டு முறுக்கணும்.

“டங்! டொக்!”

வாயால சொல்லு, பரவால்ல.

இவ்வளவு நீளப் பாலத்துக்கு ஒரு ஆளு போதுமா? போதாது. அதனால ரெண்டு பேரு. இந்தக் கரையில இருந்து அண்ணன் வருவான், அந்தக் கரையில இருந்து தம்பி வருவான். கூடப் பொறந்தவங்க. ஆளுக்கு ஒரு பித்தளை வில்லை இருக்கும். நடுப்பாலத்துல சந்திச்சு வில்லையை மாத்திக்கிட்டுத் திரும்பிருவாங்க. அவன் கொண்டு வந்த வில்லை இவன் கையில இருந்தாத்தான் பாலம் பூரா பார்த்தாச்சுன்னு அர்த்தம். அப்புறந்தான் காலைப் பாசஞ்சரை விடுவாங்க. ஒருத்தன் வரலேன்னா, இன்னொருத்தன் அவனைப் பார்க்குற வரைக்கும் நடந்து போய்க்கிட்டே இருக்கணும். அதுதான் சட்டம்.

அண்ணன் பேரு சாத்தையா. தம்பி பேரு பூமிநாதன்.

“உன் பேரும் சாத்தையாதானே? பூமிநாதன் எங்க தாத்தா பேரு. வீட்ல மாலை போட்ட போட்டோ இருக்கு.”

எங்க பக்கம் கல்லை விட்டா ஒரு சாத்தையா மண்டையில விழும். பேரு ஒண்ணா இருந்தா நான் என்ன பண்ண? கேக்குறியா, நிப்பாட்டவா?

“கேக்குறேன். ம்.”

அப்போ அவங்க ரெண்டு பேருக்கும் சுத்தியல்ல ஒரு பேச்சு இருந்துச்சு. மார்கழியில மூடுபனி விழும் பாரு, பத்தடிக்கு அந்தாண்ட ஆளு தெரியாது. கத்துனா காத்து கொண்டு போயிரும். ஆனா தண்டவாளத்துல தட்டுனா எவ்வளவு தூரம்னாலும் வந்துரும். ஒரு டங்குன்னா 'நான் வந்துட்டேன்'. ரெண்டு டங்குன்னா 'ரயில் வருது, ஒதுங்கு'. மூணு டங்குன்னா 'இங்க வா'. அது ரெண்டு பேருக்கு மட்டும் தெரிஞ்ச பாஷை. நடுப்பாலத்துல உக்காந்து தம்பி பீடி குடிப்பான், அண்ணன் திட்டுவான். நல்லாத்தான் இருந்தாங்க.

அப்புறம் அவங்க தங்கச்சி இருளாயி மகளுக்குக் காதுகுத்து வந்துச்சு.

“நாளைக்கு எனக்கு மாதிரியா? வலிச்சுச்சா அதுக்கு?”

அந்தப் பிள்ளைக்கு வலிக்கல. அண்ணனுக்குத்தான் வலிச்சுச்சு. மூத்த தாய்மாமன் மடியில வச்சுத்தானே குத்தணும்? அதுதானே முறை? ஒம்பது மணிக்கு முகூர்த்தம். அண்ணன் புது வேட்டி, தோடு, வாழைப்பழம், எல்லாத்தையும் ஒரு மஞ்சப்பையில போட்டுக்கிட்டு அந்தக் கரைக்குப் பாலத்து மேலயே நடக்குறான். பாதியில சரக்கு வண்டி வந்து நின்னுருச்சு. ஒதுங்கு மேடைன்னு ஒண்ணு பாலத்து ஓரமா அங்கங்க இருக்கும், கிளிக்கூண்டு அளவுக்கு. அதுல ஏறி நிக்கிறான். ஒரு மணி நேரம். வண்டி நகரல. மூஞ்சிக்கு நேரா நிலக்கரி. அப்புறம் ஓடி, விழுந்து, எந்திரிச்சுப் போய்ப் பார்த்தா, தம்பி மடியில உக்காந்து அந்தப் பிள்ளை ரெண்டு காதுலயும் வேற தோட்டோட பழம் தின்னுது.

“நல்ல நேரம் முடிஞ்சுரும்னு ஐயர் அவசரப்படுத்துனாருண்ணே”ன்னான் தம்பி.

“ஓ, அவசரம். அவன் அவசரத்துக்கு என் மடியைத் தூக்கி நீ போட்டுக்குவியா?”ன்னான் அண்ணன்.

“அண்ணே, எல்லாரும் பார்க்குறாங்க. உக்காருங்க, சாப்பிடுங்க.”

உக்காரல. மஞ்சப்பையோட திரும்பி நடந்துட்டான். காத்திருந்தா என்ன? பத்து நிமிஷம்? அவன் உக்காந்தது தப்புதான். இன்னைக்கும் சொல்லுவேன், தப்புதான். பாலத்து வேலை மேஸ்திரி எனக்கு மட்டும் கிழிஞ்ச மழைக்கோட்டைக் குடுத்தாரு, அதையே நான் இன்னும் மறக்கல. இதை மறப்பேனா?

“நீயா? சாத்தையாதானே?”

அவன்தான். கதையில வர்ற சாத்தையா. 'ம்' கொட்டு.

“ம்.”

அன்னையில இருந்து பேச்சு இல்ல. ஆனா வேலை வேலைதானே? தினமும் ரெண்டு பேரும் நடுப்பாலத்துக்கு வரணும். எப்படி மாத்துவாங்க? அங்க ஒரு கம்பியில கொக்கி இருந்துச்சு. தம்பி வந்து வில்லையை மாட்டிட்டு முதுகைக் காட்டி நிப்பான். அண்ணன் போய் அதை எடுத்துட்டுத் தன்னோடதை மாட்டிட்டு முதுகைக் காட்டி நிப்பான். அப்புறம் தம்பி எடுத்துக்குவான். ஏழு வருஷம். நடுவுல தம்பிக்கு ஒரு ஆம்பளைப் பிள்ளை பொறந்துச்சு. அண்ணன் பார்க்கப் போகல.

தம்பி சும்மா இருந்தான்னு சொல்ல முடியாது. ஒரு நாள் வில்லையோட சேர்த்துப் பனங்கிழங்குப் பொட்டலம் ஒண்ணு கொக்கியில தொங்குது. அண்ணனுக்குப் பனங்கிழங்குன்னா உசுரு. வாசம் மூக்கைத் துளைக்குது. வில்லையை மட்டும் எடுத்துட்டு வந்துட்டான். பின்னாடியே கா கான்னு காக்கா எல்லாம் இறங்கிருச்சு.

அப்புறம் இன்னொரு நாள், தம்பி முதுகைக் காட்டிக்கிட்டே தண்டவாளத்துக்கிட்டப் பேசுறான். “ஏ தண்டவாளம், பையனுக்கு மூணு வயசாச்சு. குலசாமி கோயில்ல மொட்டை போடுறேன். எங்கண்ணன் வரணும்னு சொல்லு”ன்னான்.

அண்ணன் குனிஞ்சு ஒரு போல்ட்டைப் பார்த்தான். “ஏ போல்ட்டு, அன்னைக்கு எனக்கு வேலை இருக்குன்னு சொல்லு”ன்னான்.

“என்ன வேலைன்னு கேளு.”

“அது அவனுக்கு எதுக்குன்னு கேளு.”

சிரிக்கிறியா? அவனும் சிரிச்சான். முதுகு குலுங்குனது எனக்குத் தெரிஞ்சுச்சு. எனக்கும் சிரிப்பு வந்துச்சு தாயி. அடக்கிக்கிட்டேன். அந்த நேரத்துல ஒருக்கா திரும்பிப் பார்த்திருந்தா... சரி, விடு. 'ம்'?

“...ம்.”

கண்ணு சொருகுது உனக்கு. இன்னும் கொஞ்சந்தான்.

அப்புறம் ஒரு மார்கழி. பனின்னா அப்படி ஒரு பனி. என் கைச் சுத்தியல் எனக்கே தெரியல. டங்கு டங்குன்னு தட்டிக்கிட்டே நடுப்பாலத்துக்கு வந்து தடவிப் பார்க்குறேன். கொக்கி காலியா இருக்கு. வில்லை இல்ல. ஆளும் இல்ல. பீடி குடிச்சுக்கிட்டு நிக்கிறான் போலன்னு ஒரு டங்கு குடுத்தேன், 'நான் வந்துட்டேன்'னு. ஏழு வருஷத்துல அன்னைக்குத்தான் குடுத்தேன். பதில் வரல. நின்னேன். பனி மூக்குல சொட்டுது.

'ம்' சொல்லு தாயி.

தாயி?

தூங்கிட்டியா? 'ம்' நின்னா கதையும் நின்னுரும்னு நான்தான் சொன்னேன். ஆனா இனிமே இருக்குறதை நீ முழிச்சிருந்தா சொல்லியிருக்க மாட்டேன். யாருகிட்டயும் சொன்னதில்ல.

டங்... டங்... டங்.

மூணு. 'இங்க வா.' ரொம்ப தூரத்துல இல்ல. ஒரு எட்டுக் கண்ணு இருக்கும், நூத்தம்பது எட்டு எடுத்து வச்சா போதும். எனக்குச் சுருக்குன்னு கோபம் வந்துருச்சு. பார்த்தியா, வில்லையையும் மாட்டாம, அங்க நின்னுக்கிட்டு என்னைக் கூப்பிடுறான். பனங்கிழங்குக்கு மசியல, மொட்டைக்கு மசியல, இப்போ என்னை அவன் பக்கத்துக்கு நடக்க வைக்கப் பார்க்குறான். நான் மூத்தவன். வேணும்னா அவன் வரட்டும். அப்படியே நின்னேன்.

அப்புறம் மறுபடியும் டங்... டங்... டங். இந்தத் தடவை மெதுவா. நாடகம் போடுறான்டான்னு நினைச்சேன். அவன் பக்கமா ஒரு கால் எடுத்து வச்சேன் தாயி. சத்தியமா வச்சேன். அந்தக் கால் கொக்கியைத் தாண்டுச்சு. உடனே அந்தப் பிள்ளை அவன் மடியில உக்காந்து பழம் தின்னது ஞாபகம் வந்துச்சு. காலை எடுத்துட்டேன்.

மூணாவது தடவை ஒரு டங்கு வந்துச்சு. அடுத்தது வர ரொம்ப நேரம் ஆச்சு. அது டங்குன்னு இல்ல, சும்மா இரும்பு மேல இரும்பு உரசுற மாதிரி. மூணாவது வரவே இல்ல.

நான் என் வில்லையைக் கொக்கியில மாட்டிட்டுத் திரும்பி வந்துட்டேன்.

“அந்தக் கரைக்காரன் வரல”ன்னு மேஸ்திரிகிட்டச் சொன்னேன்.

“போய்ப் பார்த்தியா? சத்தம் எதுவும் கேட்டுச்சா?”ன்னாரு.

“கேக்கல”ன்னேன்.

பாசஞ்சரை நிப்பாட்டி வச்சுட்டு, தள்ளு டிராலியில நாலு பேரு போனாங்க. கடகட, கடகடன்னு அது போற சத்தம் காதுல இருந்துக்கிட்டே இருந்துச்சு. போனது மாதிரியே திரும்பி வந்துச்சு. அவன் ஒதுங்கு மேடையில சாஞ்சு உக்காந்திருந்தானாம். நெஞ்சுவலி. உடம்புல இன்னும் சூடு இருந்துச்சுன்னாங்க. வலது கையில சுத்தியல். இடது கையில வில்லை. விரலை ஒவ்வொண்ணாப் பிரிச்சு எடுத்து எங்கிட்டக் குடுத்தாங்க. “உன் கையில சேர வேண்டியதுதானே சாத்தையா”ன்னாரு மேஸ்திரி. அதுதான் இப்போ உன் உள்ளங்கையில இருக்கு. உன் தாத்தா கையில இருந்தது. அதான் தட்டாதேன்னேன்.

உங்கப்பனுக்கு அப்போ நாலு வயசு. கொள்ளி வைக்கிற அன்னைக்குத்தான் அவனை முதல் தடவையாத் தூக்குனேன். என் மீசையைப் பிடிச்சு இழுத்தான். அதுக்கப்புறம் அந்த வீட்டு வாசப்படியை நான் மிதிக்கல. முன்னாடி கோபத்துல போகல. பின்னாடி எந்த மூஞ்சியை வச்சுக்கிட்டுப் போக? ஊர்ல என்ன சொல்லிக்கிட்டாங்க தெரியுமா? தம்பி செத்தும் சாத்தையாவுக்கு வீம்பு போகலன்னு. சொல்லிட்டுப் போகட்டும்னு விட்டுட்டேன். அதுவே எனக்கு வசதியா இருந்துச்சு.

இன்னைக்கு உன்னை இடுப்புல வச்சுக்கிட்டு வந்தான் உங்கப்பன். வாசல்லயே நின்னான். “பெரியப்பா, நாளைக்குப் பாப்பாவுக்குக் காதுகுத்து. வந்துருங்க”ன்னான். ஒரு தடவைதான் சொன்னான். அவன் அப்பனை மாதிரி மூணு தடவை கூப்பிடல. உன்னை இறக்கி விட்டுட்டுப் போயிட்டான்.

வர்றேன் தாயி. ஒரு தடவை கூப்பிட்டதே போதும். விடிஞ்சதும் வந்து உக்காந்துருவேன். உன் மாமன் மடியில நீ உக்காரு. எனக்கு மடியும் வேணாம், மரியாதையும் வேணாம், பந்தியில ஒரு ஓரத்துல இலை போட்டாப் போதும்.

அன்னைக்கு அவன் உக்காந்தது தப்புதான். அதுல மாத்தம் இல்ல. ஆனா நூத்தம்பது எட்டு. அதை நான் நடந்திருக்கலாம்.

நல்லா மூடியிருக்கு உன் கை. எடுக்கல, நீயே வச்சுக்க. ரயில் அந்தக் கரைக்குப் போயிருச்சு, கதை இந்தக் கரையிலயே நின்னுருச்சு. நீ தூங்கு.