ஒரு நாளைக்கு ஒரு விரற்கடை

ஓடைக்கரையில் ஒரு வேலமரம் நின்றது. அதிலிருந்து சற்றுத் தள்ளி ஒரு பெரிய கறையான் புற்று இருந்தது. அந்தப் புற்றின் அடித்தளத்தில் மண் தோண்டுகிறவள் செம்மி. தோண்டிய மண்ணை எச்சிலில் குழைத்து, உருண்டையாக்கி மேலே அனுப்புவாள். மற்ற நேரத்தில் கீழறை ஈசல்களுக்கு வாயோடு வாய் வைத்து ஊட்டுவாள்.

ஈசல்கள் என்றால் வேறு யாருமில்லை, சிறகு முளைத்த கறையான்கள்தான். வருஷத்தின் முதல் மழை பெய்ததும் புற்றின் வாசலைத் திறந்து அவற்றைப் பறக்க விடுவார்கள். அவை ஜோடி ஜோடியாகப் போய் வேறு மண்ணில் வேறு புற்று வைக்கும்; பெண் ஈசல் அதற்கு ராணி ஆகும். கறையான் குலம் இன்றுவரை அற்றுப் போகாமல் இருப்பது இந்த வழக்கத்தால்தான்.

அந்தப் புற்றில் ஒரு தத்துவம் இருந்தது. உச்சாணி என்ற மேஸ்திரி கொண்டுவந்தது. வளராத நாள் செத்த நாள் என்பதுதான் அது. ஒரு நாளைக்கு ஒரு விரற்கடை புற்று உயர்ந்தே ஆக வேண்டும். வேலையில் இறங்குமுன் எல்லோரும் இதை ஒரே குரலில் சொல்ல வேண்டும். கறையான்களுக்குக் கண் தெரியாது. புற்று எவ்வளவு உயரம் என்று ஒருத்தரும் பார்த்ததில்லை. ஆனாலும் உயரத்தைப் பற்றிப் பேச்செடுத்தால் போதும், இல்லாத கண்ணில் தண்ணீர் வந்துவிடும்!

இதை எதிர்த்தவர்களும் இருந்தார்கள். அளவுகாரர்கள் என்று அவர்களுக்குப் பெயர். எதற்கும் ஒரு அளவு வேண்டும் என்பார்கள். அந்த அளவு எது என்பதில்தான் தகராறு. முயல் உயரம் போதும் என்று ஒரு கூட்டம், ஆட்டின் உயரம் வரை போகலாம் என்று இன்னொரு கூட்டம். ஒரு மூலையில் உட்கார்ந்து இதையே பேசிக்கொண்டிருந்தார்கள். ஏறச் சொன்னவர்களும் நிறுத்தச் சொன்னவர்களும் அடித்தளத்துக்கு ஒருநாளும் இறங்கி வந்ததில்லை.

முன்பெல்லாம் மண் ஓடைக்கரையிலிருந்து வந்தது. சுரங்கம் வழியாகப் போய்த் திரும்ப ஒரு பகல் ஆகும். நாளுக்கு ஒரு விரற்கடை என்று ஆனபிறகு அவ்வளவு தூரம் போக நேரம் ஏது? புற்றுக்கு அடியிலிருந்தே மண்ணை எடுக்கத் தொடங்கினார்கள். செம்மியும் எடுத்தாள். சொன்ன வேலையைச் செய்தாள், அவ்வளவுதான்.

ஒருநாள் அவள் கால் தவறி விழுந்தாள். தலை தரையில் மோதியது. தரை வெற்றுக்குடம் மாதிரி ஒலித்தது.

ஆபத்து வந்தால் கறையான்கள் தலையால் தரையை மூன்று முறை இடிக்கும். அந்தச் சத்தம் கேட்டதும் எல்லா வேலையும் நிற்க வேண்டும். அதுதான் பழைய முறை. ஆனால் வேலை நின்றால் வளர்ச்சி குறைகிறது என்று உச்சாணி அதைத் தடை செய்து வெகுகாலம் ஆகியிருந்தது. ஆகவே செம்மி இடிக்கவில்லை. அரைப்பகல் ஏறி உச்சிக்குப் போனாள்.

"மேஸ்திரி, கீழ மண்ணே இல்ல. தோண்டித் தோண்டி வெறும் பொந்தாப் போச்சு. நாம அந்தரத்துல நிக்கிறோம்."

உச்சாணி கோபப்படவில்லை. அவன் கெட்டவன் அல்ல. தான் சொன்னதைத் தானே முழுசாக நம்பியவன், அதுதான் வினையாகப் போனது.

"கீழயே கிடந்தா பயம்தான் வரும் செம்மி. இன்னும் நாலு விரற்கடை ஏத்திட்டோம்னா எல்லாம் சரியாயிடும்."

கையோடு இன்னொன்றும் சொன்னான். இந்த வருஷம் வாசல் திறக்கப் போவதில்லை. ஈசல்களின் சிறகைக் கடித்தெடுத்துவிட்டு மண் சுமக்க விடப் போகிறார்கள். இருக்கிற புற்று வளர்கிறபோது இன்னொரு புற்று எதற்கு என்று கேட்டான். செம்மிக்குத் தான் ஊட்டி வளர்த்த ஒவ்வொரு வாயும் நினைவுக்கு வந்தது. இறங்கி வந்தாள்.

மறுநாள் பகலிலேயே வருஷத்தின் முதல் மழை பிடித்துக்கொண்டது. ஓடை நிரம்பி, பழைய சுரங்கத்தின் வழியாகத் தண்ணீர் அடிப்பொந்துக்குள் புகுந்தது. உச்சியிலிருந்து உச்சாணியின் உத்தரவு வாய்க்கு வாய் இறங்கி வந்தது. இன்றைக்கு இன்னும் அரை விரற்கடை பாக்கி, ஒருவரும் கையை நிறுத்தக் கூடாது.

செம்மி தலையால் தரையை இடித்தாள். மூன்று முறை. மறுபடி மூன்று முறை.

ஒருவரும் நிற்கவில்லை. பக்கத்தில் மண் சுமந்து போன ஒருத்தி, "அது என்ன சத்தம்க்கா?" என்று கேட்டாள். அவள் பிறந்ததிலிருந்து அதைக் கேட்டதே இல்லை.

அளவுகாரர்களில் வயதானவர்களுக்கு மட்டும் அது தெரிந்தது. வாக்குவாதத்தைப் பாதியில் போட்டுவிட்டு இறங்கி ஓடிவந்தார்கள். முதல்முறையாக அடித்தளத்தை மிதித்தார்கள். மிதித்ததும் பேச்சு நின்றுவிட்டது. செம்மியோடு சேர்ந்து அடைத்த வாசலைக் கடித்துப் பெயர்த்தார்கள். கட்டியே பழகிய வாய்களுக்குப் பெயர்ப்பது பெரும் பாடாக இருந்தது.

வெளிச்சம் உள்ளே வந்தது. ஈசல்கள் திமுதிமுவென்று கிளம்பின. ஒரு பெண் ஈசல் மட்டும் செம்மியிடம் நின்றது.

"நீயும் வாக்கா."

"எனக்கு ஏது சிறகு? நீ போ."

கடைசி ஈசல் வெளியேறியபோது புற்று அசைந்தது. சாய்ந்து விழவில்லை, தான் தோண்டிய குழிக்குள் தானே இறங்கியது. புற்றின் ராணியும் உச்சாணியும் அந்த அரை விரற்கடையும் சேற்றுக்குள் போயின. அளவுகாரர்களும் போனார்கள். செம்மியை மட்டும் தண்ணீர் இழுத்து வந்து வேலமரத்து வேரில் ஒதுக்கியது.

பறந்துபோன ஈசல்களில் பெரும்பாலானவற்றைக் காக்கையும் ஓணானும் தின்றுவிட்டன. எந்த வருஷமும் அப்படித்தான். ஆனால் வேரடிப் பிளவில் ஈசல் ஜோடி ஒன்று சிறகை உதிர்த்துவிட்டு ஒண்டியிருந்தது. அதில் ஒருத்தி, வாசலில் நின்றவள்தான். செம்மி வாசனையிலேயே கண்டுகொண்டாள்.

மழை விட்டது. முதல் மண் உருண்டையை வைக்குமுன் அந்தச் சின்ன ராணி கேட்டாள்: "எவ்வளவு உயரம் கட்டலாம்க்கா?"

செம்மி தலையால் தரையை மூன்று முறை இடித்துக் காது கொடுத்தாள். மண் கெட்டியாகச் சத்தம் கொடுத்தது.

"தினமும் இப்படித் தட்டிப் பாரு. இதே சத்தம் கேக்குற வரைக்கும் கட்டு. சத்தம் மாறுச்சுன்னா நிறுத்திடு."

தன் காலடி மண்ணையே தோண்டி உயர்கிறவர்கள், உயர்வதாக எண்ணிக்கொண்டே தங்கள் குழியைத்தான் ஆழமாக்குகிறார்கள்.